குளத்தடித் தெருவில் சுவர்கள் இளகிய வருசம்

பூவாணிக்குளத்து ஆமைகளுக்குச் சீக்கு வந்த வருசம், தை பிறந்ததும் புதுக் காலண்டர் மாட்டப்போன வடிவு, ஆணியைச் சுவரில் வைத்துவிட்டுச் சுத்தியலுக்குக் கை நீட்டினாள். சுத்தியல் கைக்கு வருவதற்குள், கட்டைவிரல் பட்ட அழுத்தத்திலேயே ஆணி கொண்டைவரை உள்ளே போய்விட்டது. பிடுங்கிப் பக்கத்தில் வைத்துப் பார்த்தாள், அங்கேயும் போனது. விரலால் அழுத்தினாள், ஆறிப்போன களியை அழுத்தினது போலச் சுவர் உள்வாங்கி, மெதுவாக, மனசில்லாமல் திரும்பி வந்தது. இதென்ன கூத்து என்று வாயைப் பிளக்க அவளுக்கு நேரமில்லை, பயப்படத்தான் நேரமிருந்தது, ஏனென்றால் அந்தச் சுவர் தாங்குகிற கூரைக்குக் கீழே கட்டிலில் அவள் புருசன் ஆவுடையப்பன் மல்லாந்து கிடந்தான். கொத்தனார். போன ஐப்பசியில் சாரத்திலிருந்து விழுந்து முதுகெலும்பு விட்டுப்போனது. எலும்பு கூடுகிற வரைக்கும் ஆளை அசைக்கவே கூடாது, அசைத்தால் இடுப்புக்குக் கீழே ஒன்றும் மிஞ்சாது என்று பெரியாஸ்பத்திரியில் சொல்லி அனுப்பியிருந்தார்கள்.

“என்னட்டி, ஆணி அடிக்கப் போனவ சத்தத்தையே காணும்?” என்றான் அவன், கூரையைப் பார்த்தபடி.

“ஒண்ணுமில்ல. காலண்டர நாளைக்கு மாட்டிக்கிடலாம்” என்றாள் வடிவு. ஆணியை முந்தானை நுனியில் முடிந்துகொண்டாள்.

அந்தத் தெருவுக்கும் ஆமைக்கும் உள்ள பகை இன்று நேற்று வந்ததில்லை. ஆமை புகுந்த வீடும் அமீனா புகுந்த வீடும் உருப்படாது என்று ஊரெல்லாம் சொல்லும், ஆனால் மற்ற ஊர்க்காரர்கள் அதை வாயால் சொல்கிறவர்கள், குளத்தடித் தெருக்காரர்கள் வயிற்றால் சொல்கிறவர்கள், ஏனென்றால் குளம் அவர்கள் வாசலில் கிடந்தது, குளம் நிறையக் காராமைகள் கிடந்தன. ஆமைகள் பகலெல்லாம் துணி துவைக்கிற கல்லில் ஏறிக் கழுத்தை நீட்டி வெயில் காயும், காய்ந்தபின் எதிர்த்த வீட்டு வாசலில் தலையைக் காட்டும். உடனே துடைப்பம் வரும், மஞ்சத்தண்ணி வரும், அந்த வீட்டுப் பொம்பளைக்கு ஒரு வாரம் தூக்கம் வராது. போன சித்திரைக்கு முந்தி ஒரு ஆமை இரும்புக்கடை குத்தாலிங்கம் அண்ணாச்சி வீட்டுப் பூஜை அறை வரைக்கும் போய் உட்கார்ந்துகொண்டது, அந்த வாரமே அவர் தங்கச்சிக்குப் பேசிவைத்த சம்பந்தம் முறிந்தது. போதாதா? தெருவே கூடி, துவைக்கிற கல்லையெல்லாம் பிடுங்கி எறிந்துவிட்டு, குளத்தைச் சுற்றி இடுப்பளவு உயரத்துக்குச் சுவர் எழுப்பியது. எழுப்பினவன் ஆவுடையப்பன். சும்மாவா எழுப்பினான்! உள்பக்கம் முழுக்கச் சிமெண்டுப் பால் விட்டுத் தேய்த்துத் தேய்த்து, பல்லி ஏறினாலும் வழுக்கி விழுகிற மாதிரி இழைத்து வைத்தான். அதற்கப்புறம் ஒரு ஆமைகூடக் கரையேறவில்லை. தெரு நிம்மதியாகத் தூங்கியது.

மழைக்காலம் போய்த் தை வந்தபோதுதான் அந்தச் சீக்கு கண்ணில் பட்டது. ஆமைகளின் முதுகில் பஞ்சு ஒட்டினது போல வெள்ளைவெள்ளையாகப் பூசணம், தகடுகள் ஓரம் தூக்கி, அடியில் சதை தெரிந்து, காற்று அடிக்கிற பக்கமெல்லாம் ஊசிப்போன மீன் வாடை. குத்தாலிங்கம் அண்ணாச்சி மூக்கைப் பொத்திக்கொண்டு, சுவருக்கு இந்தப் பக்கம் நின்று, நீளக் கம்பால் ஒரு ஆமையின் முதுகில் குத்திப் பார்த்தார். கம்பு பொசுக்கென்று இறங்கியது. அதே நேரம் அவர் வீட்டுக்குள்ளிருந்து அவர் சம்சாரம், “ஐயோ, சுவத்துல ஓட்டை விழுந்துட்டுங்கேன்!” என்று கத்தினாள். அவர் இன்னொரு தடவை குத்தினார். அவள் இன்னொரு தடவை கத்தினாள். மூன்றாவது தடவை அவர் குத்தவில்லை. கம்பைக் கீழே போட்டுவிட்டுச் சுவரோரம் உட்கார்ந்துவிட்டார்.

அன்றைக்குச் சாயங்காலத்துக்குள் தெருவில் ஆளாளுக்குத் தங்கள் தங்கள் ஆமையைக் கண்டுபிடித்துவிட்டார்கள். மந்தையில் நம் ஆடு எது என்று நமக்குத் தெரியாதா, அந்த மாதிரி. வடிவும் சுவரில் வயிற்றை அழுத்தி எட்டிப் பார்த்தாள். வீட்டில் கட்டிலுக்கு நேர் மேலே கூரையில் விரிந்த பனை மட்டை மாதிரி ஒரு வெள்ளைப் படலம் பரவிக்கொண்டிருந்தது, அதே மட்டை ஒரு ஆமையின் முதுகில் விரிந்து கிடந்தது. கூரைப் பூச்சு எங்கே உரிந்திருந்ததோ அங்கே அதன் தகடும் உரிந்திருந்தது. ஆமை தண்ணீருக்கு மேலே மூக்கை மட்டும் நீட்டி, சுவரைப் பிராண்டிப் பிராண்டி வழுக்கி விழுந்துகொண்டிருந்தது.

“எங்க வீடு அதுதான்” என்றாள் வடிவு பக்கத்தில் நின்றவளிடம். சொல்லிவிட்டு முந்தானையை வாயில் வைத்துக்கொண்டாள்.

அப்புறம் மனுசர்கள்தானே, பழகிவிட்டார்கள். எதிர்ப்படுகிறவர்கள் சாப்பிட்டாச்சா என்று கேட்பதை விட்டுவிட்டு, சுவர் எப்படி இருக்கு என்று கேட்டார்கள், நேத்தைக்கு இன்னைக்குத் தேவல என்று பதில் வந்தது. கரண்ட் கம்பத்து ஆள் ஏணியைச் சாய்த்தால் ஏணி பாதி புதைந்தது, அவன் சலித்துக்கொண்டு அதைப் பிடுங்கி எடுத்துக் கழுவிக்கொண்டு போனான். பெண் பார்க்க வந்தவர்கள் காப்பியைக் குடித்துவிட்டு, ஜாதகத்தோடு உங்க ஆமையையும் ஒரு எட்டுப் பார்த்துடுதோம் என்றார்கள். சாய்ந்து உட்காரும் பழக்கம் தெருவில் ஒழிந்தது, எல்லாரும் கல்யாணப் பந்தியில் இருப்பது போல நிமிர்ந்தே உட்கார்ந்தார்கள். பஞ்சாயத்து ஆபீசிலிருந்து ஒருத்தர் வந்தார், சுவரில் விரலை விட்டு எடுத்துக் கால்சட்டையில் துடைத்துக்கொண்டு, கலவையில் சிமெண்டு காணாது, கொத்தனார் ஏமாத்திட்டான் என்று சொல்லிவிட்டுப் போனார். அதைக் கட்டிலில் கிடந்தபடி கேட்ட ஆவுடையப்பன், முகத்தைச் சுவர்ப் பக்கம் திருப்பிக்கொண்டு அன்றைக்கு முழுக்கச் சாப்பிடவில்லை.

வைத்தியமும் நடக்காமல் இல்லை. அவரவர் வலை போட்டு அவரவர் ஆமையைத் தூக்கி, மஞ்சளும் வேப்பெண்ணெயும் குழைத்து முதுகில் அப்பி, அப்பின ஈரம் காயுமுன்னே திரும்பத் தண்ணீரில் போட்டார்கள். காயவிட யாருக்குத் துணிச்சல்? காய்ந்தால் அது நடக்கும், நடந்தால் வீட்டுக்குத்தான் வரும். வடிவும் அப்படித்தான் செய்தாள், பயந்துகொண்டே அப்பினாள், அதைவிடப் பயந்துகொண்டு தண்ணீரில் விட்டாள். ஒவ்வொரு தடவை அப்பும்போதும் வீட்டுக் கூரையில் மஞ்சள் வாடை வந்தது, ஒவ்வொரு தடவை தண்ணீரில் விட்டபின்னும் கூரை இன்னும் கொஞ்சம் தொய்ந்தது. கட்டிலுக்கு மேலே அது பசுவின் மடி மாதிரி இறங்கி நின்றது. வடிவு மூங்கிலை வெட்டி முட்டுக் கொடுத்தாள், மூங்கில் நுனி கூரைக்குள்ளேயே ஏறிப் போனது. அவன் நெஞ்சில் விழுகிற பூச்சுத் தகடுகளைப் பொறுக்கிப் பொறுக்கி வெளியே போடுவதே அவளுக்கு வேலையாகிப் போனது. கடைக்குப் போனால் பாதி வழியில் திரும்பி ஓடி வருவாள், அடுப்பில் நின்றால் நிமிசத்துக்கு ஒரு தரம் எட்டிப் பார்ப்பாள்.

“நீ வெளிய படுத்துக்கோ. ரெண்டு பேரும் எதுக்கு?” என்பான் அவன்.

“வாய மூடிக்கிட்டு கஞ்சியக் குடிங்க” என்பாள் அவள்.

மாசிக் கடைசியில் ஒரு ஆமை செத்து மிதந்தது. அது கோமதி டீச்சரின் ஆமை. யாரோ பார்த்துச் சொல்லி எல்லாரும் திரும்புவதற்குள், தெருமுனையில் டீச்சர் வீடு, சத்தமில்லாமல், கரண்டியிலிருந்து தோசை மாவு வழிகிற மாதிரி வழிந்து, தரையோடு தரையாகப் பரந்துவிட்டது. டீச்சர் பள்ளிக்கூடத்திலிருந்தாள், தப்பித்தாள். மாவுக்கு நடுவில் குக்கர் மட்டும் துருத்திக்கொண்டு நின்றது. தெருவில் ஒருத்தரும் அழவில்லை. அழுவதற்குக்கூட யாரும் சத்தம் போடப் பயந்தார்கள்.

அதற்கப்புறம்தான் மாட்டாஸ்பத்திரியிலிருந்து ஜெபராணி டாக்டரம்மாவைக் கூட்டிக்கொண்டு வந்தார்கள். அந்த அம்மா வடிவின் ஆமையைத் தூக்கிப் புரட்டாமல் கொள்ளாமல் நிதானமாகப் பார்த்தாள், தகடு ஓரத்தைச் சுரண்டிப் பார்த்தாள். வீடுகளையும் ஒரு பார்வை பார்த்தாள், பார்த்துவிட்டு, எங்க ஆஸ்பத்திரிக் கட்டடமும் இந்த லட்சணம்தான் என்றாள்.

“இது பூசணச் சீக்கு. ஆமைக்கு வெயில்தான் மருந்து. கரையேறி முதுகு காய்ஞ்சாத்தான் பூசணம் சாவும். நீங்க ஏற வழியில்லாம சுவத்தக் கட்டி வச்சிருக்கீங்க. எப்பவும் ஈரத்துலயே கிடந்தா ஓடு அழுகாம என்ன செய்யும்?”

“மருந்து ஒண்ணும் இல்லியாம்மா?” என்றாள் வடிவு.

“இருக்கு. களிம்பு தாரேன். தடவிட்டு உடனே தண்ணியில விடக் கூடாது. வீட்டுக்குள்ள ஒரு தொட்டியில வச்சு, பகல்ல வெயில் படுற இடத்துல காயவிடணும்.”

கூட்டம் ஒரு அடி பின்னால் போனது. “வீட்டுக்குள்ளயா?” என்றார் குத்தாலிங்கம் அண்ணாச்சி.

“அப்ப சுவத்த உடைங்க. ரெண்டுல ஒண்ணு” என்று சொல்லிவிட்டு டாக்டரம்மா கைகழுவத் தண்ணீர் கேட்டாள்.

அந்த அம்மா போனபின் வாகை மரத்தடியில் தெரு கூடியது. கூடிப் பேசியதெல்லாம் ஒரே பேச்சுதான். “சுவரு இளகுனா பூசிக்கிடலாம். வீடு விழுந்தா வேற வீடு கட்டிக்கிடலாம். ஆமை புகுந்துட்டா குடும்பம் மிஞ்சாது. எந் தங்கச்சிக்கு நடந்தது தெரியும்லா?” என்றார் அண்ணாச்சி. எல்லாத் தலையும் ஆடியது. வடிவு எழுந்து, “நீங்க எந்திரிச்சு ஓடிருவீய அண்ணாச்சி. எங்க வீட்டுல ஓட முடியாத ஆளு கிடக்கு” என்றாள். யாரும் அவள் முகத்தைப் பார்க்கவில்லை.

வீட்டுக்கு வந்து புருசனிடம் சொன்னாள். கூரை அவன் மூச்சோடு சேர்ந்து ஏறி இறங்கியது.

“நான் வச்ச சுவத்த உடைக்கணும்ங்கே, இல்லியா.”

“ஆமா.”

“ஆமை உள்ள வந்தா எல்லாம் போயிரும்னுதான வச்சேன்.”

“போறதுக்கு இன்னும் என்ன இருக்கு?” என்றாள் வடிவு. அவளுக்கு அழுகை பொத்துக்கொண்டு வந்தது. “எனக்கும் பயமாத்தான் இருக்கு. ஆமையக் கண்டாலும் பயம், இந்தக் கூரையக் கண்டாலும் பயம். ஆனா ஆமை உங்க மேல விழாதுல்லா?”

அவன் கண்ணை மூடிக்கொண்டான். மூடினபடியே, “சும்மா அடிச்சா உடையாது. வாகை மரத்துக்கு நேரா அடி. அன்னைக்கு மழை வந்து பாதியில வேலைய நிப்பாட்டுனோம், மறுநாள்தான் தொடர்ந்தோம். ஒட்டு அங்கதான் இருக்கு. மேல பூசி மறைச்சுட்டேன்” என்றான்.

பங்குனி வெயில் மண்டையைப் பிளக்கிற உச்சிப் பொழுதில் வடிவு கடப்பாரையோடு போனாள். தெருவிலேயே இளகாமல் நின்றது அந்த ஒரு சுவர்தான், பாவி மனுசன் அப்படிக் கட்டியிருந்தான். வாகைக்கு நேராக ஓங்கி இறக்கினாள், கை அதிர்ந்தது. மறுபடி இறக்கினாள், பூச்சு பெயர்ந்தது. அதற்கு மேலே அவள் எண்ணவில்லை. சத்தம் கேட்டு எல்லாரும் ஓடி வந்தார்கள், வந்தவர்கள் அவள் கையைப் பிடிக்கவில்லை. ஒட்டு விரிந்து, கல்லும் ஜல்லியும் இரண்டு பக்கமும் சரிந்து தானாகவே ஒரு சரிவாகிப்போனதும், மந்தை போல் நின்ற கூட்டம் மந்தை போலவே கலைந்து ஓடியது. கதவுகள் அடித்து மூடின, வாசல்களில் மஞ்சத்தண்ணி விழுந்தது.

“உன் தலைவிதி உன்னோட போவட்டும்! எங்க வாசலுக்கு வரக் கூடாது!” என்று ஒரு சன்னலுக்குள்ளிருந்து குரல் வந்தது.

முதல் ஆமை சரிவில் ஏறியது. அதன் பின்னால் இன்னொன்று. அப்புறம் வரிசையாக, அவசரமில்லாமல், முதுகில் வெள்ளை பூத்து, தகடு தொங்க, நகம் கல்லில் உரச, குளத்தில் இருந்த அத்தனையும் ஏறி வந்தன. அந்தக் காய்கிற தெருவில் அந்த நகச் சத்தத்தைத் தவிர வேறு சத்தமில்லை. ஒவ்வொரு ஆமையும் வழி கேட்காமல் தன் வீட்டைத் தேடிப் போய், மூடின கதவுக்கு முன்னால் படியில் நின்றது. வடிவின் ஆமை திறந்து கிடந்த வாசலில் ஒரு நிமிசம் தலையை உயர்த்திப் பார்த்துவிட்டு உள்ளே நுழைந்தது. துடைப்பத்தை எடுக்கப் போன தன் வலது கையை வடிவு இடது கையால் பிடித்துக்கொண்டாள்.

அது நேராகப் போய்க் கட்டிலுக்கு அடியில் படுத்தது. அந்த நேரம் பார்த்து வாசலை அடைத்துக்கொண்டு குத்தாலிங்கம் அண்ணாச்சி வந்து நின்றார், கையில் அதே கம்பு.

“ஒரு வீட்டுல புகுந்தா தெருவுக்கே கேடு. தள்ளு, அதத் தூக்கி எறிஞ்சிட்டுப் போறேன்.”

“எறியுங்க. ஆனா பாத்து எறியுங்க அண்ணாச்சி. உள்ள ஆளு கிடக்கு” என்றாள் வடிவு. அவரைத் தடுக்கிற தெம்பு அவள் உடம்பில் இல்லை.

அவர் குனிந்து, கம்பின் நுனியை ஆமையின் வயிற்றுக்கு அடியில் கொடுத்து நெம்பினார். ஆமையின் ஒரு பக்கம் தரையை விட்டுத் தூக்கியது. வீடும் தூக்கியது, குளத்தங்கரையில் வலையில் தூக்கினபோதெல்லாம் அசையாத அதே வீடு. அடுக்களைக் குடம் உருண்டு வந்தது, பாத்திரமெல்லாம் சரிந்தது, இளகின சுவரில் எப்படியோ மாட்டியிருந்த காலண்டர் விலகித் தொங்கியது. கட்டில் கிறீச்சென்று தரையை உரசிக்கொண்டு ஆவுடையப்பனோடு சுவரை நோக்கி வழுக்க ஆரம்பித்தது. அவன் கத்தவில்லை. இரண்டு கையாலும் கட்டில் சட்டத்தைப் பிடித்துக்கொண்டு அண்ணாச்சியைப் பார்த்தான், அவ்வளவுதான். வடிவு பாய்ந்து விழுந்து கட்டில் காலை நெஞ்சோடு அணைத்துக்கொண்டாள்.

கம்பை வெடுக்கென்று எடுத்தாலும் வீடு தொப்பென்று விழும் என்று அண்ணாச்சிக்குப் புரிந்துவிட்டது. கொதிக்கிற சட்டியை இறக்கி வைக்கிறவர் மாதிரி, மூச்சை அடக்கிக்கொண்டு, மெள்ள மெள்ள ஆமையைத் தரையில் இறக்கினார். வீடு அமர்ந்தது. அமர்ந்த அந்தக் குலுக்கலில் கூரையின் தொங்கிய மடி, நகர்ந்துபோன கட்டிலின் கால்மாட்டுக்கு அப்பால் தரையில் அறுந்து விழுந்தது. விழுந்த இடத்துக்கு மேலே, ஒரு முறத்தளவு ஆகாயம் தெரிந்தது. வெயில் நேராக உள்ளே இறங்கித் தரையில் உட்கார்ந்தது.

ஆமை கட்டிலுக்கடியிலிருந்து வெளியே வந்தது. அந்த வெயிலுக்குள் நடந்து போய் நின்று, நாலு காலையும் அகல நீட்டி, கழுத்தை நீட்டி, கண்ணை மூடிக்கொண்டது.

அண்ணாச்சி கம்பை வாசலிலேயே போட்டுவிட்டுத் தன் வீட்டுக்குப் போனார். அங்கே படியில் அவர் ஆமை நின்றுகொண்டிருந்தது. கொஞ்ச நேரத்தில் தாழ்ப்பாள் விலகுகிற சத்தம் வடிவு வரைக்கும் கேட்டது, அதற்கப்புறம் இன்னொரு தாழ்ப்பாள், இன்னொன்று.

சித்திரை வெயிலிலும் டாக்டரம்மாவின் களிம்பிலும் பூசணம் கருகி உதிர்ந்தது, சுவர்கள் இறுகின. தெருவில் பயம் மட்டும் போகவில்லை, இடம் மாறிக்கொண்டது. முன்னே ஆமை வந்துவிடுமோ என்று பயந்தவர்கள், இப்போது வராமல் போய்விடுமோ என்று பயந்தார்கள். ராத்திரி குளத்துக்குப் போன ஆமைகள் விடிந்ததும் வெயில் காய வருவதற்காக எல்லா வாசலும் திறந்தே கிடந்தன. கூரையில் விழுந்த ஓட்டையை வடிவு அடைக்கவில்லை, மழைக்கு ஒரு தகரத்தை மட்டும் இழுத்து வைத்தாள்.

ஐப்பசி வந்தது. வெயிலையே கண்ணில் காணாமல் நாள்கணக்காக அடைமழை. ஆவுடையப்பன் இப்போது தலையணையை முட்டுக் கொடுத்துச் சாய்ந்து உட்காருகிற அளவுக்குத் தேறியிருந்தான். அன்றைக்கு விடிந்து, பால்காரர் வந்து போய், உலை கொதித்து அடங்கியும் ஆமையைக் காணோம். தகரத்தில் மழை அடித்தது.

“வந்துட்டா?” என்றான் அவன்.

“வரும்.”

அவள் வாசலுக்கும் அடுப்புக்கும் நடந்தாள். நடை நனைந்து வெறிச்சென்று கிடந்தது. அவன் பார்க்காத நேரமாகப் பார்த்து, காலண்டரை விலக்கி, ஆணியைப் பிடுங்கி, பக்கத்தில் சுவரில் வைத்துக் கட்டைவிரலால் அழுத்தினாள். விரல் வலித்தது. இன்னும் அழுத்தினாள். ஆணி கால்வாசி உள்ளே போனது.

ஆணியைப் பிடித்தபடியே வாசற்படியில் போய் நின்றாள். மழைக்குள் ஒன்றும் தெரியவில்லை. முதலில் சத்தம்தான் வந்தது, ஈரக் கல்லில் நகம் உரசுகிற சத்தம்.

“ஏட்டி வடிவு,” என்றான் சுவர் கட்டின ஆவுடையப்பன், கட்டிலிலிருந்து கழுத்தை நீட்டி, “நடையில நின்னு மறிக்காத. வழிய விடு.”